நிறமும் உளநலமும்: கிளார்க் தம்பதியரின் ஆராய்ச்சி வரலாறு

கல்வியிற் பின்தங்கி நிற்கும் ஒரு பிள்ளையைக் குறித்து இருவகை வினாக்கள் எழுப்பப்படலாம். ‘இப்பிள்ளையிடத்து உள்ள குறை யாது?’ என்பது ஒன்று. ‘இப்பிள்ளைக்கு நேர்ந்தது யாது?’ என்பது மற்றொன்று. இவ்விரண்டும் ஒன்றுபோலத் தோன்றினும் இவற்றின் விளைவுகள் வேறு வேறாம். முதல் வினா பிள்ளையை அளந்து பார்த்து ஒதுக்கிவிடுதற்கு வழிகாட்டும். இரண்டாவது வினா பிள்ளையைச் சூழ்ந்துள்ள வீட்டையும் வீதியையும் பள்ளியையும் சட்டத்தையும் அளந்து பார்க்கத் தூண்டும். ஐக்கிய அமெரிக்காவிலே கறுப்பின மக்களின் உள்ளத்தைப்பற்றி எழுதிய அறிஞர் பலர் நூறாண்டுகளுக்கு மேலாக முதல் வினாவையே கேட்டு வந்தனர். அவ்வினாவை மாற்றி இரண்டாவதனைக் கேட்கத் துணிந்தவருள் முன்னணியில் வைத்து எண்ணத்தக்கவர் மேமி பிப்ஸ் கிளார்க், கெனத் பான்கிறொவ்ற் கிளார்க் என்னும் உளவியலாளர் இருவர். கணவனும் மனைவியுமாகிய இவர்தம் ஆராய்ச்சியும், அது நீதிமன்றம் ஏறிய வரலாறும், அதன் பின்னர் நிகழ்ந்தனவும் கல்வித்துறையில் உள்ளார் அனைவரும் அறியத்தக்கவை.

முன்னிருந்த அறிவியல்

கிளார்க் தம்பதியரின் பணியை மதிப்பிடுதற்கு அவர்க்கு முற்பட்ட நிலையை அறிதல் வேண்டும். 1840ஆம் ஆண்டில் எடுக்கப்பட்ட அமெரிக்கக் குடிமதிப்பு, மனநோயுற்றோரின் தொகையையும் கணக்கிட்டது. அக்கணக்கின்படி, அடிமை நிலையினின்று நீங்கி வட மாநிலங்களில் வாழ்ந்த கறுப்பினத்தவரிடையே மனநோய் மிகுந்தும், தென் மாநிலங்களில் அடிமைகளாய் வாழ்ந்தோரிடையே அரிதாகவும் காணப்பட்டது. அடிமை முறையை ஆதரித்தோர்க்கு இஃது அரியதொரு கருவியாயிற்று. சுதந்திரம் கறுப்பினத்தவரின் சித்தத்தைக் கலக்கிவிடும் என்றும், அடிமைத்தனமே அவர்க்கு நலந்தரும் என்றும் அவர் வாதித்தனர். வெளிநாட்டு அலுவல்களுக்குப் பொறுப்பாயிருந்த ஜோன் கல்ஹூன் 1844இல் இக்கணக்கையே சான்றாக எடுத்தாண்டார்.

ஆயின், மசாசூசெற்ஸ் மாநிலத்து வைத்தியராகிய எட்வேட் ஜாவிஸ் அக்கணக்கை ஊர் ஊராக ஆராய்ந்தார். கறுப்பினத்தவர் ஒருவரேனும் வாழாத ஊர்களிலும் கறுப்பின மனநோயாளர் இருப்பதாக அது கூறிற்று. வூஸ்ற்றர் நகர மனநோய் வைத்தியசாலையில் இருந்த வெள்ளையின நோயாளர் 133 பேர் கறுப்பினத்தவராகப் பதியப்பட்டிருந்தனர். பிழை இவ்வாறு வெளிப்படையாயிற்று. எனினும் அக்கணக்கு திருத்தப்படவில்லை.

1851இலே சாமுவேல் காட்றைற் என்னும் தென்னாட்டு வைத்தியர் இன்னும் ஒரு படி மேலே சென்றார். ஆண்டானிடமிருந்து அடிமை தப்பியோடுதல் ஒரு மனநோய் என்று கூறி, அதற்குக் கிரேக்க மொழியிலே பெயரும் சூட்டினார். விடுதலையை விரும்புதல் நோயென்றும், அடங்கிக் கிடத்தல் உளநலமென்றும் வகுக்கப்பட்ட விந்தையை அங்குக் காண்கின்றோம். ஓடியவனுடைய உள்ளத்தை ஆராய்ந்த அவ்வைத்தியர், அவன் எதனினின்றும் ஓடினான் என்பதை ஆராய்ந்தாரல்லர்.

அடிமை முறை ஒழிந்த பின்னரும் இப்போக்கு ஒழியவில்லை. முதலாம் உலகப் போர்க்காலத்தில், 1917, 1918ஆம் ஆண்டுகளில், அமெரிக்கப் படையினர் ஏறக்குறைய 17 இலட்சம் பேர் நுண்மதிச் சோதனைக்கு உட்படுத்தப்பட்டனர். அதன் பேறுகளைக் கொண்டு கார்ல் பிறிகம் என்பார் 1923இல் எழுதிய நூல், இனங்களிடையே பிறவியிலேயே நுண்மதி வேறுபாடு உண்டென நிலைநாட்ட முயன்றது. 1930இல் அவரே தம் முடிபுகள் ஆதாரமற்றவை எனக் கைவிட்டார். அச்சோதனையில் வட மாநிலங்கள் சிலவற்றைச் சேர்ந்த கறுப்பினப் படையினர், தென் மாநிலங்கள் சிலவற்றைச் சேர்ந்த வெள்ளையினப் படையினரிலும் உயர்ந்த புள்ளிகள் பெற்றிருந்தமையும் ஈண்டுக் கருதற்பாலது. கொலம்பியாப் பல்கலைக்கழகத்து ஒற்றோ கிளைன்பேக் 1935இல் வெளியிட்ட ஆராய்ச்சியோ, தெற்கிலிருந்து நியூயோர்க் நகருக்குக் குடிபெயர்ந்த கறுப்பினப் பிள்ளைகளின் சோதனைப் புள்ளிகள், அந்நகரிலே அவர் வாழ்ந்த காலம் நீள நீள உயர்ந்தமையைக் காட்டிற்று. சூழல் மாறப் புள்ளியும் மாறுமாயின், அளக்கப்பட்டது பிறவிக்குணம் என்று எங்ஙனம் கூறலாம்? கிளார்க் தம்பதியர் இத்துறையுட் புகுந்த காலத்து நிலைமை இதுவாகும்.

இருவர் வரலாறு

கெனத் கிளார்க் 1914ஆம் ஆண்டு யூலை 24ஆந் திகதி பனாமாக் கால்வாய்ப் பகுதியிற் பிறந்தார். அவர் சிறு பிள்ளையாயிருந்தபோதே தாயார் மிரியம், கணவரைப் பிரிந்து மக்களோடு நியூயோர்க் நகரின் ஹார்லம் பகுதியிற் குடியேறித் தையற்றொழிலாற் குடும்பத்தைத் தாங்கினார். கறுப்பினப் பிள்ளைகளைத் தொழிற்பாடசாலைக்கு அனுப்புதல் அக்கால வழக்கமாயிருந்தது. கெனத்துக்கும் அதுவே பரிந்துரைக்கப்பட, தாயார் பாடசாலைக்குச் சென்று அதனை மறுத்து, மகனைப் பொதுக்கல்வி அளிக்கும் உயர்தரப் பாடசாலையிற் சேர்ப்பித்தார். அன்று அவ்வன்னை அப்பரிந்துரைக்கு இணங்கியிருப்பின், பின்னாளில் உளவியல் உலகம் ஓர் அறிஞரை இழந்திருக்கும்.

மேமி பிப்ஸ் 1917ஆம் ஆண்டு ஏப்பிரல் 18ஆந் திகதி தென் மாநிலமாகிய ஆர்கன்சோவிலே ஹொற் ஸ்பிறிங்ஸ் நகரிற் பிறந்தார். தந்தையார் ஹரல்ட் பிப்ஸ் ஒரு வைத்தியர். குடும்பம் வசதியுடையதாயினும், இனப்பிரிவுச் சட்டம் வைத்தியரின் மகளென்று வேறுபாடு காட்டவில்லை. கறுப்பினத்தவர்க்கென ஒதுக்கப்பட்ட பாடசாலைகளிலேயே அவர் பயின்றார். 1934இல் வோஷிங்ரன் நகரத்து ஹவாட் பல்கலைக்கழகத்திற் கணிதம் கற்கச் சேர்ந்தவர், அங்கே உளவியல் பயின்றுகொண்டிருந்த கெனத்தின் தூண்டுதலால் அத்துறைக்கு மாறினார். அப்பல்கலைக்கழகத்தில் உளவியற் பேராசிரியராயிருந்தவர் பிரான்சிஸ் சம்னர். அமெரிக்காவில் உளவியலிற் கலாநிதிப் பட்டம் பெற்ற முதற் கறுப்பினத்தவர் அவரே.

1938இற் பட்டம் பெற்ற மேமி, அக்கோடையில், இனப்பிரிவினைக்கு எதிராக வழக்காடிவந்த சாள்ஸ் ஹியூஸ்ரனின் குடும்பத்தார் நடாத்திய சட்ட அலுவலகத்திற் பணியாற்றினார். பள்ளிப் பிரிவினையைச் சட்டத்தினால் வெல்லலாம் என்னும் நம்பிக்கையை அங்குதான் அவர் பெற்றார். அதன் பின்னர் முதுமாணிப் பட்டத்துக்கென அவர் எடுத்துக்கொண்ட பொருள், கறுப்பினச் சிறு பிள்ளைகளிடத்தே ‘நான்’ என்னும் உணர்வு வளரும் முறை என்பது. வோஷிங்ரன் நகரப் பாலர் பள்ளிகளைச் சேர்ந்த பிள்ளைகள் 150 பேருக்குப் படங்கள் காட்டப்பட்டன. வெள்ளையினச் சிறுவன், கறுப்பினச் சிறுவன் ஆகியோர் படங்களோடு சிங்கம், நாய் முதலியவற்றின் படங்களும் அவற்றுள் இருந்தன. ‘இவற்றுள் நீ எது?’ என்று பிள்ளைகள் கேட்கப்பட்டனர். இந்த 1939ஆம் ஆண்டு ஆய்வே பிற்காலப் பாவைச் சோதனைக்கு வித்து. உலகம் அச்சோதனையைக் கெனத்தின் பெயரால் வழங்கினும், அது முதன்மையாக மேமியின் ஆராய்ச்சியே என்றும், தாம் பின்னர் வந்து சேர்ந்தவரே என்றும் கெனத் தாமே எடுத்துக் கூறியுள்ளார்.

கொலம்பியாப் பல்கலைக்கழகத்திலே கெனத் 1940இலும் மேமி 1943இலும் கலாநிதிப் பட்டம் பெற்றனர். அப்பல்கலைக்கழகத்தில் உளவியலில் இப்பட்டம் பெற்ற முதலிரு கறுப்பினத்தவர் இவர்களே. மேமியின் ஆராய்ச்சியை நெறிப்படுத்திய ஹென்றி காறெற், கறுப்பினத்தவர் நுண்மதியிற் குறைந்தவர் என்னும் கொள்கையுடையவர். அத்தகையவரிடம் சென்று பயின்று பட்டம் பெற்றமை மேமியின் உறுதிப்பாட்டுக்குச் சான்றாகும்.

நான்கு பாவைகள்

பாவைச் சோதனை மிக எளியது. ஒரே அச்சில் வார்க்கப்பட்ட பாவைகள் நான்கு எடுக்கப்பட்டன. அவற்றுள் இரண்டு கபில நிறமும் கறுத்த தலைமயிரும் உடையன. ஏனைய இரண்டும் வெள்ளை நிறமும் மஞ்சட் தலைமயிரும் உடையன. நிறமன்றி வேறு வேறுபாடு யாதும் இல்லை. பிள்ளை தனியே அழைக்கப்பட்டு எட்டு வேண்டுகோள்கள் ஒவ்வொன்றாக விடுக்கப்பட்டன. விளையாட விரும்பும் பாவை எது, நல்ல பாவை எது, கூடாததாய்த் தோன்றும் பாவை எது, நல்ல நிறமுடைய பாவை எது என்பன முதல் நான்கு. வெள்ளையினப் பிள்ளை போன்றது எது, நிறமுடைய பிள்ளை போன்றது எது, அக்காலத்து வழங்கிய சொல்லின்படி நீக்ரோப் பிள்ளை போன்றது எது என்பன அடுத்த மூன்று. ‘உன்னைப் போன்ற பாவையைத் தா’ என்பது இறுதி.

இவ்வொழுங்கிலேதான் சோதனையின் கூர்மை இருக்கின்றது. முதலில் விருப்பு வெறுப்புக்கள் வெளிப்படுகின்றன. பின்னர் இன வேறுபாட்டைப் பிள்ளை அறியுமா என்பது தெளிவாகின்றது. ஈற்றிலே தான் எப்பக்கத்தைச் சார்ந்தது என்று அது சொல்ல வேண்டியதாகின்றது. கூடாதது என்று சற்று முன்னர் தள்ளிய பாவையையே ‘இது நான்’ என்று எடுத்துக் காட்ட வேண்டிய இக்கட்டு அப்பொழுது பிள்ளைக்கு நேர்கின்றது.

சோதிக்கப்பட்டோர் மூன்று முதல் ஏழு வயது வரையுள்ள கறுப்பினப் பிள்ளைகள் 253 பேர். அவருள் 134 பேர் ஆர்கன்சோவில் இனப்பிரிவுப் பள்ளிகளிலும், 119 பேர் வட மாநிலமாகிய மசாசூசெற்ஸில் ஸ்பிறிங்பீல்ட் நகரத்துக் கலப்புப் பள்ளிகளிலும் பயின்றோர். நூற்றுக்கு 94 பேர் வெள்ளையினப் பிள்ளை போன்ற பாவையையும், 93 பேர் நிறமுடைய பிள்ளை போன்ற பாவையையும் சரியாக எடுத்துக் கொடுத்தனர். எனவே இன வேறுபாட்டை அவர் நன்கு அறிந்திருந்தனர். விருப்பைக் குறித்தோவெனின், நூற்றுக்கு 67 பேர் விளையாடுதற்கு வெள்ளைப் பாவையை விரும்பினர். 59 பேர் கபிலப் பாவையே கூடாததாய்த் தோன்றுகின்றது என்றனர். 60 பேர் வெள்ளைப் பாவையின் நிறமே நல்லது என்றனர். தம்மைப் போன்ற பாவை என வெள்ளைப் பாவையைக் காட்டியோர் நூற்றுக்கு 33 பேர்.

பாவைகளோடு வண்ணந்தீட்டும் சோதனையும் நிகழ்ந்தது. இலை, ஆரஞ்சு, எலி முதலியவற்றின் உருவங்களைத் தத்தமக்குரிய நிறங்களாலே பிழையறத் தீட்டிய பிள்ளைகள், தம்முருவைத் தீட்டும்போது மட்டும் தம் உண்மை நிறத்தினும் வெளிறிய நிறத்தைத் தெரிந்தனர். சிலர் தொடர்பற்ற நிறங்களைத் தெரிந்தனர். தான் வெள்ளை நிறத்தவனே என்றும், கோடை வெயில் பட்டமையாற் கபில நிறமாகத் தோன்றுகின்றான் என்றும் ஏழு வயதுச் சிறுவன் ஒருவன் பெரிதும் முயன்று விளக்கினான். சிலர் அழுதுகொண்டு அறையைவிட்டு வெளியேறினர். பிள்ளைகளின் வேதனையைக் கண்ட கிளார்க் தம்பதியர், தாம் திரட்டியவற்றை வெளியிடுதற்கே சில காலம் தயங்கினர். ஆராய்ச்சியின் முழு விபரம் 1947இலேதான் வெளிவந்தது.

ஹார்லத்தில் ஓர் உளநல நிலையம்

ஆராய்ச்சி ஏட்டளவில் நின்றுவிடவில்லை. 1946ஆம் ஆண்டு தொடக்கத்தில், மேமியின் தந்தையார் கடனாகக் கொடுத்த 946 டொலரைக் கொண்டு, ஹார்லத்தில் ஒரு குடியிருப்பு மாடியின் நிலக்கீழ்த் தளத்திலே பிள்ளைகளுக்கான உளநல நிலையம் ஒன்றை இருவரும் நிறுவினர். நோத்சைட் நிலையம் எனப் பின்னர் பெயர்பெற்ற இதனை மேமி முப்பதாண்டுகளுக்கு மேல் நடாத்தினார். இதற்கு முன்னர் வீடற்ற கறுப்பினச் சிறுமியர்க்கான இல்லமொன்றிற் பணியாற்றிய காலத்தில், அத்தகைய பிள்ளைகளின் உள்ளத்துயரைக் கவனிக்க நகரிலே தக்க இடம் எதுவும் இல்லாமையை அவர் கண்டிருந்தார்.

நிலையம் தொடங்கிய சில காலத்திலேயே தாய்மார் பலர் ஒரே முறைப்பாட்டோடு வந்தனர். தம் பிள்ளைகள் மந்தபுத்தியுடையோர் எனப் பாடசாலைகள் முடிவுகட்டித் தனி வகுப்பிலே போட்டுவிட்டன என்பதே அம்முறைப்பாடு. நிலையத்தார் அப்பிள்ளைகளை மீண்டும் சோதித்தனர். அவருட் பெரும்பாலோரின் நுண்மதி ஈவு, அத்தகைய வகுப்புக்கென விதிக்கப்பட்ட எல்லைக்கு மேலே இருந்தது. பிள்ளைகளின் பெயரில் எழுதப்பட்ட குறை உண்மையில் பாடசாலையின் குறையாயிருந்தது. இதனைப் பெற்றோர் உதவியோடு வெளிப்படுத்தி, பிள்ளைகளை உரிய வகுப்புக்களிற் சேர்ப்பிக்க நிலையம் பாடுபட்டது.

நிலையத்தின் சிகிச்சை முறையும் குறிப்பிடத்தக்கது. மனத்துயருற்ற பிள்ளையின் கனவுகளையும் அடிமனத்தையும் ஆராய்தலே முதன்மையானது என்பது அக்காலத்து உளமருத்துவர் பலரின் எண்ணம். கிளார்க் தம்பதியரோ, வாசிக்கத் தெரியாமையால் வகுப்பில் நாள்தோறும் நாணித் தலைகுனியும் பிள்ளைக்கு வாசிக்கக் கற்பித்தலும் உளமருத்துவமே என்று கொண்டனர். எனவே உளமருத்துவரோடும் சமூகப் பணியாளரோடும், வாசிப்பும் கணிதமும் கற்பிக்கும் ஆசிரியர்களும் அங்கே அமர்த்தப்பட்டனர். பின்னர் வெள்ளையினப் பிள்ளைகளும் சேர்க்கப்பட்டனர்.

நீதிமன்றத்தில் உளவியல்

இனங்களைப் பிரித்து வைப்பினும் வசதிகள் சமமாயின் அது சட்டத்துக்கு முரணாகாது என்று ஐக்கிய அமெரிக்க உயர் நீதிமன்றம் 1896இல் தீர்த்திருந்தது. சமம் என்பது ஏட்டிலேதான் இருந்தது. தென் கரோலைனாவின் கிளாறென்டன் பகுதியில் 1949ஆம் ஆண்டளவில், வெள்ளையின மாணவர் ஒருவருக்கு ஆண்டொன்றுக்கு 179 டொலரும், கறுப்பின மாணவர் ஒருவருக்கு 43 டொலரும் செலவிடப்பட்டன. வெள்ளையின மாணவரை ஏற்றிச்செல்ல 30 பேருந்துகள் ஓடின. கறுப்பின மாணவருக்கு ஒன்றேனும் இல்லை. ஒரு பேருந்து வேண்டுமென்று பெற்றோர் கேட்டதிலிருந்தே அப்பகுதி வழக்கு முளைத்தது.

வழக்கறிஞர் தேர்குட் மார்சல் தலைமையிலான குழுவினர் ஒரு பெருஞ் சிக்கலை எதிர்நோக்கினர். கட்டடம், புத்தகம், சம்பளம் என்பன சமமாக்கப்பட்டுவிட்டால் வழக்கு முடிந்துபோமோ? பிரித்து வைத்தலே ஒரு தீங்கு என நிறுவினாலன்றிப் பிரிவினையை வேரறுத்தல் இயலாது. கண்ணுக்குப் புலனாகாத அத்தீங்கை எவ்வாறு நீதிமன்றில் நிறுத்துவது? இங்கேதான் பாவைகள் வேண்டப்பட்டன. 1951ஆம் ஆண்டு மே மாதத்திலே கெனத் கிளார்க் கிளாறென்டன் சென்று, ஆறு முதல் ஒன்பது வயது வரையுள்ள கறுப்பினப் பிள்ளைகள் 16 பேரைச் சோதித்தார். அவருள் 10 பேர் வெள்ளைப் பாவையை விரும்பினர். 11 பேர் கபிலப் பாவை கூடாததாய்த் தோன்றுகின்றது என்றனர். சாள்ஸ்ரன் நகர நீதிமன்றத்தில் அவர் சாட்சியம் அளித்தார். நீதிபதிகள் மூவருள் இருவர் வழக்கைத் தள்ளினர். வேற்றிஸ் வேறிங் என்பவர் மட்டும் பிரிவினையே சமமின்மை என மாறுபட்டுத் தீர்ப்பெழுதினார்.

வேர்ஜீனியா வழக்கிலே நிகழ்ந்தது இன்னும் வியத்தற்குரியது. பிரிவினையை ஆதரித்துச் சாட்சியம் கூற 1952இல் அம்மாநிலம் அழைத்தவர் கொலம்பியாப் பேராசிரியர் ஹென்றி காறெற். அவரை மறுத்துக் கூற அழைக்கப்பட்டவர் அவரிடம் பயின்ற மாணவியாகிய மேமி. ஆசிரியரின் புலமைக்கு மாணவி மறுமொழி கூறிய அக்காட்சியில், ஒரே உளவியல் இருவேறு வினாக்களோடு எதிரெதிர் நின்றது.

வழக்குகள் உயர் நீதிமன்றம் சென்றபோது, சமூக அறிவியலாளர் 32 பேர் கையொப்பமிட்ட அறிக்கை ஒன்று மனுதாரர் சார்பில் இணைக்கப்பட்டது. அதனை ஆக்கியோருள் கெனத்தும் ஒருவர். 1954ஆம் ஆண்டு மே மாதம் 17ஆந் திகதி, பிரதம நீதியரசர் ஏர்ள் வாறன் ஒன்பது நீதியரசரின் ஒருமித்த தீர்ப்பை வாசித்தார். பொதுக் கல்வியில் இனப்பிரிவினை இயல்பிலேயே சமமின்மையாம் என்றும், நிறங்காரணமாகப் பிள்ளைகளைப் பிரித்தல் அவர் உள்ளத்தே தாழ்வுணர்ச்சியை விளைவிக்கும் என்றும் அது கூறிற்று. அத்தீர்ப்பின் பதினோராவது அடிக்குறிப்பிலே சான்றாக முதலிற் குறிக்கப்பட்டது, 1950இல் வெள்ளை மாளிகையிற் கூடிய பிள்ளைநல மாநாட்டுக்கெனக் கெனத் கிளார்க் எழுதிய அறிக்கையாகும்.

வடக்கின் பிள்ளைகள்

இவ்வரலாற்றை இத்தீர்ப்போடு முடித்தல் எளிது. ஆனால் அவ்வாறு முடிப்பின் அதன் உயிர்நாடி தவறிவிடும். 1947ஆம் ஆண்டு ஆராய்ச்சியிலே பலர் கவனியாத எண்கள் சில உள. வெள்ளைப் பாவையை விரும்பியோர் தெற்கின் பிரிவுப் பள்ளிகளில் நூற்றுக்கு 62 பேர். வடக்கின் கலப்புப் பள்ளிகளிலோ 72 பேர். கபிலப் பாவை கூடாதது என்றோர் தெற்கில் 49 பேர். வடக்கிலோ 71 பேர். பிரிவினைதான் காரணமாயின், பிரிவினையற்ற பள்ளியிலே தாழ்வுணர்ச்சி குறைதல் வேண்டும் அன்றோ? எதிர்த்தரப்பு வழக்கறிஞராகிய ஜோன் டேவிஸ், உயர் நீதிமன்றத்திலே இவ்வெண்களையே கிளார்க்குக்கு எதிராகத் திருப்பினார்.

கெனத்தின் விளக்கம் இது: தெற்கின் பிள்ளை தனக்கு விதிக்கப்பட்ட தாழ்நிலையை இயல்பெனக் கொண்டு அதனோடு இசைந்துவிட்டது, வடக்கின் பிள்ளையோ அதனை ஏற்க மறுத்து உள்ளே போராடுகின்றது, போராட்டத்தின் வலியே அவ்வெண்களில் வெளிப்படுகின்றது. இவ்விளக்கம் எல்லோரையும் இணங்கச் செய்யவில்லை. அக்காலத்திற் கடைகளில் விற்ற பாவைகள் பெரும்பாலும் வெள்ளைப் பாவைகளே ஆதலின் பழக்கத்தாற் பிள்ளைகள் அவற்றை விரும்பியிருக்கலாம் என்றனர் சிலர். கிளாறென்டனிற் சோதிக்கப்பட்டோர் தொகை மிகச் சிறிது என்றனர் வேறு சிலர். வில்லியம் குறொஸ் என்னும் கறுப்பின உளவியலாளர் 1991இல் வெளியிட்ட நூலிலே, தன் இனத்தைப்பற்றிய மதிப்பும் தன்னைப்பற்றிய மதிப்பும் வெவ்வேறானவை என்றும், ஒரு பிள்ளை வெள்ளைப் பாவையை விரும்பியதால் தன்னைத்தானே வெறுத்தது என முடிவு செய்தல் பொருந்தாது என்றும் காட்டினார். இம்மறுப்புக்கள் வலியுடையன, இவற்றை ஒதுக்கிவிட்டுக் கிளார்க் தம்பதியரைப் புகழ்தல் அறிவுடைமையாகாது.

எனினும் அவ்வெண்கள் ஓர் உண்மையை முன்னறிவித்தன. பள்ளி வாயிலைத் திறந்துவிட்டால் மட்டும் பிள்ளையின் உள்ளத்திலே பட்ட வடு ஆறிவிடாது. வாயிலினுள்ளே அப்பிள்ளையை நோக்கும் கண்கள் மாறாவிடின், அதே வடு வேறோரிடத்தில் மீண்டும் படும். பின்னர் நடந்தவை இதனை மெய்ப்பித்தன. தீர்ப்பைப் பணிவதிலும் பார்க்கப் பள்ளியே இல்லாதிருத்தல் மேல் என்று கருதிய வேர்ஜீனியாவின் பிறின்ஸ் எட்வேட் பகுதியார் 1959 முதல் 1964 வரை தம் பொதுப் பாடசாலைகள் அனைத்தையும் மூடிவிட்டனர். தென் மாநிலங்களிலே கறுப்பினப் பாடசாலைகள் மூடப்பட்டபோது மாணவர் வெள்ளையினப் பாடசாலைகளுக்கு அனுப்பப்பட்டனர். அவர்தம் ஆசிரியரோ பல்லாயிரக்கணக்கில் வேலை இழந்தனர். தம்மை அறிந்து அன்புகாட்டிய ஆசிரியரை இழந்து, தம்மை விரும்பாத வகுப்பறையிற் போய் அமர்ந்த பிள்ளைகளுக்கு, அத்தீர்ப்புத் தந்ததும் உண்டு. அதன் பெயரால் பறிக்கப்பட்டதும் உண்டு.

இனம் என்ற சொல் போய்ப் பண்பாடு என்ற சொல் வந்தது

1962இல் ஹார்லத்து இளைஞர்க்கென ஓர் அமைப்பைத் தொடங்கிய கெனத், அப்பகுதிப் பாடசாலைகளை ஆராய்ந்தார். அங்கே சட்டத்தால் விதிக்கப்பட்ட பிரிவினை இல்லை. ஆயினும் வகுப்பு ஏற ஏற மாணவர் மேலும் மேலும் பின்தங்குவதை 1964இல் வெளிவந்த அவ்வமைப்பின் அறிக்கை காட்டிற்று. பிறவிக்குறைதான் காரணமாயின், பள்ளியிற் கழிக்கும் காலம் கூடக் கூடக் குறையும் கூடுவானேன்?

அக்காலத்துக் கல்வியாளர் இதற்கு ஒரு புதிய காரணம் கற்பித்திருந்தனர். கறுப்பினப் பிள்ளைகள் பிறவியிற் குறைந்தவரல்லர் என்றும், பண்பாட்டு வளம் இல்லாத வீடுகளிலிருந்து வருதலால் அவர்க்குக் கல்வி ஏறாது என்றும் அவர் கூறினர். கேட்பதற்கு இரக்கமுடையதாய்த் தோன்றும் இக்கொள்கையை, 1965இல் வெளியிட்ட ‘இருண்ட ஒதுக்கிடம்’ எனப் பொருள்படும் நூலிலே கெனத் வன்மையாக மறுத்தார். பிள்ளையால் முடியாது என்று ஆசிரியர் முதலிலேயே நம்பிவிடுகின்றார். நம்பியபடியே குறைவாகக் கற்பிக்கின்றார். குறைவாகக் கற்பிக்கப்பட்ட பிள்ளை குறைவாகக் கற்கின்றது. அதனைக் கண்டு தம் நம்பிக்கை மெய்யாயிற்று என்று ஆசிரியர் அமைதியடைகின்றார். இனம் என்று முன்னர் சொல்லப்பட்டது பண்பாடு என்று பின்னர் சொல்லப்பட்டதேயன்றி, பழி பிள்ளையின் மேலேயே நின்றது. 1851இலே காட்றைற் சூட்டிய கிரேக்கப் பெயருக்கும் இப்புதிய பெயருக்கும் இடையே நாகரிகத்தில் வேறுபாடு உண்டு, வினா ஒன்றே.

கெனத் 1971ஆம் ஆண்டளவில் அமெரிக்க உளவியற் சங்கத்தின் முதற் கறுப்பினத் தலைவராய் விளங்கினார். நியூயோர்க் மாநிலக் கல்வியாளுநர் சபையிலும் 1966 முதல் 1986 வரை உறுப்பினராயிருந்தார். மேமி 1983ஆம் ஆண்டு ஓகஸ்ட் 11ஆந் திகதியும், கெனத் 2005ஆம் ஆண்டு மே 1ஆந் திகதியும் மறைந்தனர். பட்டங்களும் பதவிகளும் கணவரையே பெரிதும் நாடி வந்தன. நிலக்கீழ்த் தளத்திலே தொடங்கிய நிலையத்தில் பிள்ளை பிள்ளையாக வாழ்வைத் திருத்திய பணியோ மேமியினுடையது. இவ்விரண்டனுள் எது பெரிதென்று வரலாறு இன்னும் முடிவு கூறவில்லை.

முடிவுரை

பாவைச் சோதனை குறைகளற்ற ஆராய்ச்சியன்று. அதன் சில முடிபுகள் பின்வந்தோராற் திருத்தப்பட்டன. ஆயினும், மூன்று வயதுப் பிள்ளையும் சமூகம் தன்னைப்பற்றி என்ன நினைக்கின்றது என்பதை அறியத் தொடங்கிவிடுகின்றது என்னும் செய்தியை உலகின் முன்னர் வைத்த பெருமை அதற்குண்டு. சட்டத்தை மாற்ற நீதிமன்றம் வேண்டும். அதற்கு ஒன்பது நீதியரசர் போதும். வகுப்பறையிலே ஒரு பிள்ளையை நோக்கும் நோக்கை மாற்ற எந்த நீதிமன்றத்தாலும் இயலாது. அது அவ்வகுப்பின் ஆசிரியர் ஒருவர் கையிலேயே உள்ளது.

மந்தபுத்தி என்றும், மேலேறாதவன் என்றும், அவன் குடும்பம் அப்படிப்பட்டது என்றும் ஒரு பிள்ளையைக் குறித்து எழுதவோ சொல்லவோ முற்படும் எந்த ஆசிரியருக்கும், ஹார்லத்துத் தாய்மார் கொண்டுவந்த அப்பிள்ளைகள் ஒரு கணம் நினைவுக்கு வருவாராக. அவர்களைப்பற்றியும் அவ்வாறே எழுதப்பட்டிருந்தது. மீண்டும் அளந்து பார்க்க ஒருவர் முன்வந்த பின்னரே எழுதியது பொய்யென்று தெரிந்தது.